மேலே மேடம், கீழே ஒருத்தி: புத்தாண்டுச் சான்றுகளில் விடுபட்ட பெண்கள்

1

தமிழ்ப் புத்தாண்டு சித்திரையிலா தையிலா என்ற சண்டை ஆண்டுக்கு இருமுறை வருகிறது. ஜனவரி நடுவில் ஒரு தரப்பு வாழ்த்துச் சொல்ல மறு தரப்பு மறுக்கும். ஏப்ரல் நடுவில் இரு தரப்பும் இடம் மாறிக்கொள்ளும். பட்டிமன்றம், தொலைக்காட்சி விவாதம், தமிழ்த்துறைக் கருத்தரங்கு எல்லாவற்றிலும் இதைக் கேட்டிருக்கிறேன். மேடையில் இருப்பவர்கள் பெரும்பாலும் ஆண்கள். அவர்கள் எடுத்துக்காட்டும் சங்க இலக்கிய வரிகளோ பெண்கள் வாழ்ந்துகொண்டிருக்கும் இடங்களிலிருந்து வெட்டப்பட்டவை. இந்தக் கட்டுரை அந்த வெட்டைப் பற்றியது. எந்த நாள் சரி என்று தீர்ப்புச் சொல்ல நான் வரவில்லை. சான்றாக எடுக்கப்படும் வரிக்கு முன்னும் பின்னும் யார் இருக்கிறார், எடுத்த பிறகு அவருக்கு என்ன ஆகிறது என்று கேட்க வந்திருக்கிறேன்.

முதலில் வானத்தில் என்ன நடக்கிறது என்று பார்த்துவிடுவோம். சூரியன் மேட ராசிக்குள் நுழைவது சித்திரை 1, மகர ராசிக்குள் நுழைவது தை 1. இரண்டும் கண்ணால் பார்த்து அறியக்கூடிய நிகழ்ச்சிகள் அல்ல. ராசியின் எல்லை கணக்கில்தான் இருக்கிறது. ஏறத்தாழ 1,700 ஆண்டுகளுக்கு முன் மேட நுழைவு பகலும் இரவும் சமமாகும் நாளை ஒட்டியும், மகர நுழைவு சூரியன் வடக்கு நோக்கித் திரும்பும் நாளை ஒட்டியும் இருந்தன. பூமியின் அச்சு மெல்லத் திசை மாறுவதால் இந்த ஒட்டு சுமார் 72 ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் விலகிக்கொண்டே வந்திருக்கிறது. இன்று சமநாள் மார்ச் 20, 21-இல் வருகிறது, சித்திரைப் பிறப்பு ஏப்ரல் 14-இல். சூரியன் திரும்புவது டிசம்பர் 21, 22-இல், தைப் பிறப்பு ஜனவரி 14, 15-இல். ஆகவே ‘இயற்கையே எங்கள் பக்கம்’ என்று சொல்ல இரு தரப்புக்கும் இடமில்லை. ஆண்டின் முதல் நாள் மனிதர் முடிவு செய்த நாள். மனிதர் என்றால் எந்த மனிதர் என்று கேட்பது அதனால் நியாயமாகிறது.

இந்தக் கேள்வியைப் புதுச்சேரியில் இருந்து கேட்பது எனக்கு வசதியாக இருக்கிறது. இங்கே முதல் நாள் என்பது ஒருபோதும் ஒன்றாக இருந்ததில்லை. ஒரே ஒன்றியப் பகுதிக்குள் புதுவையும் காரைக்காலும் சித்திரை 1 கொண்டாடுகின்றன, மாஹேயில் விஷு, ஏனாமில் நிலவின் கணக்கில் வரும் உகாதி. தைதான் முதல் மாதம் என்று 2008-இல் தமிழ்நாடு சட்டம் இயற்றியபோது அது எங்களுக்குப் பொருந்தவில்லை. கோட்டக்குப்பத்தில் ஒரு புத்தாண்டு, நடந்து போகும் தூரத்தில் எங்கள் தெருவில் வேறொன்று. 2011-இல் ஆட்சி மாறி அந்தச் சட்டம் நீக்கப்பட்டது. இந்த மூன்று ஆண்டுக் காலத்தில் எல்லைக்கு அந்தப் பக்கமோ இந்தப் பக்கமோ எந்தப் பெண்ணாவது காலையில் அரை மணி நேரம் பிந்தி எழுந்தாளா? சித்திரை என்றால் மாங்காயும் வேப்பம்பூவும் வெல்லமும் சேர்த்த பச்சடி, தை என்றால் பொங்கல் பானை. இரண்டுக்கும் முன்னால் வாசல் தெளித்துக் கோலமிட வேண்டும். முதல் நாள் எது என்பது அரசாணைக்குரிய விஷயமாகவும், அந்த நாளை நடத்தித் தருவது அடுப்படிக்குரிய வேலையாகவும் பிரிந்து கிடக்கிறது.

2

சித்திரைத் தரப்பு பெரிதும் நம்பும் சான்று நெடுநல்வாடை. பத்துப்பாட்டில் ஒன்று, நக்கீரர் பாடியது, 188 அடி. ஆட்டை, அதாவது மேடத்தை, முதலாக வைத்து வானில் சுற்றும் சூரியனைப் பற்றிய குறிப்பு அதில் வருகிறது. அந்தக் குறிப்பைச் சொல்லி, தமிழன் அன்றே மேடத்தை முதலாக வைத்தான் என்று முடிப்பார்கள். கைதட்டல் விழும். ‘தமிழன்’ என்ற அந்த ஆண்பால் ஒருமையைக் கவனியுங்கள்.

அந்த மேடம் எங்கே இருக்கிறது? பாட்டில் அது வானத்தில் இல்லை. ஒரு கட்டிலுக்கு மேலே கட்டிய விதானத்தில், மெழுகு பூசிய துணியில் தீட்டிய ஓவியமாக இருக்கிறது. கட்டிலில் பாண்டிய அரசி கிடக்கிறாள். கூதிர்காலம், நள்ளிரவு, வாடைக்காற்று. அரசன் போர்ப் பாசறையில் இருக்கிறான். கட்டிலின் தந்தம்கூட நாற்பது வயதுப் போர் யானையினுடையது. அவள் படுக்கும் இடமே போரால் செய்யப்பட்டது. முத்தாரம் கிடந்த மார்பில் இப்போது கூந்தல் கிடக்கிறது. உடுத்த துணியில் அழுக்குப் படிந்திருக்கிறது. தோழியர் அடி வருடுகிறார்கள். செவிலியர் கதை கதையாகச் சொல்லி, இதோ வந்துவிடுவார் என்கிறார்கள். அவளுக்கு ஆறவில்லை. அப்போதுதான் அவள் அண்ணாந்து பார்க்கிறாள். சூரியனின் பாதை அங்கே தீட்டப்பட்டிருக்கிறது. நிலவும் அவனை விட்டுப் பிரியாத உரோகிணியும் தீட்டப்பட்டிருக்கிறார்கள். அவள் பார்வை சூரியனில் நிற்கவில்லை, உரோகிணியில் நிற்கிறது. பெருமூச்சு விடுகிறாள். கண்ணோரத்தில் திரண்ட நீரை விரலால் தெறிக்கிறாள்.

மேடத்தைப் பற்றிய குறிப்பு இந்தப் பார்வைக்குள்தான் வருகிறது. வாக்கியத்தின் வினைகள் எல்லாம் அவளுடையவை: நோக்குகிறாள், நினைக்கிறாள், உயிர்க்கிறாள். சூரியனும் மேடமும் அவள் பார்த்தது எது என்பதைச் சொல்ல வரும் அடைமொழிகள். மேடைச் சான்று அடைமொழியை எடுத்துக்கொண்டு எழுவாயைக் கட்டிலிலேயே விட்டுவிடுகிறது.

இன்னொன்றையும் நக்கீரர் செய்திருக்கிறார். ஒப்பனை இல்லாமல் கிடக்கும் அரசியை, இன்னும் வண்ணம் தீட்டி முடிக்காத ஓவியத்துக்கு ஒப்பிடுகிறார். மேலே விதானத்தில் தீட்டி முடித்த ஓவியம். கீழே முடிக்கப்படாத ஓவியம். அரண்மனையில் யவனர் செய்த பெண் பாவை ஒன்று கையில் விளக்கேந்தி இரவு முழுவதும் நின்றுகொண்டிருக்கிறது. பெண் இங்கே பாவையாக இருக்கிறாள், கோட்டோவியமாக இருக்கிறாள், காவலுக்குள் இருக்கிறாள். ஆனால் பார்ப்பவளும் அவள்தான். ஒழுங்காகச் சுற்றும் அந்த வான மண்டலத்தைப் பார்த்து அவள் கண்டுபிடிப்பது ஆண்டின் தொடக்கத்தை அல்ல. உரோகிணிக்கு வாய்த்தது தனக்கு வாய்க்கவில்லை என்பதை. நூலின் இறுதியில் அரசன் காயம்பட்ட வீரர்களைப் பார்வையிட்டுக்கொண்டிருக்கிறான். அவன் வந்து சேரவில்லை.

ராசிகளின் வரிசை மேடத்தில் தொடங்குவதைத் தமிழ்ப் புலவர் அறிந்திருந்தார் என்பதற்கு இந்தப் பாட்டு நல்ல சான்று. அதற்கு மேல் அது போகாது. ராசி வரிசையின் முதல் வேறு, ஆண்டின் முதல் வேறு. பாட்டு நடக்கும் காலமோ ஐப்பசி, கார்த்திகை. எந்தத் தரப்பின் கணக்கிலும் ஆண்டு பிறக்காத பருவம். அந்த இரவில் அவளுக்குப் புதிதாக எதுவும் பிறக்கவில்லை.

3

தைத் தரப்பு மட்டும் கவனமாக இருக்கிறதா? தை என்ற சொல் வருகிற சங்கப் பாடல்களை அது அடுக்குகிறது. நற்றிணை 80-ஆம் பாட்டில் தை மாதத்துக் குளிர்ந்த குளத்தில் ஓர் இளம்பெண் நீராடுகிறாள். பாடுவது தலைவன். தன் நோய்க்கு அவளே மருந்து, வேறில்லை என்கிறான். அவள் எதற்காக விடியலில் குளிரும் நீரில் இறங்கினாள் என்று அவன் கேட்கவில்லை. பாட்டுக்கு அவள் மருந்து. நம் மேடைக்கு அவள் தேதி.

பரிபாடலின் 11-ஆம் பாட்டு இதைவிட முக்கியமானது. வையையில் மார்கழித் திருவாதிரையை ஒட்டி இளம்பெண்கள் நீராடி நோன்பு நோற்கிறார்கள், தைந்நீராடலும் பேசப்படுகிறது. இந்தப் பெண்கள் வேண்டுவது என்ன என்று வகுப்பில் கேட்டால், மாணவிகள் உடனே ‘நல்ல கணவன்’ என்பார்கள். அதுவும் உண்டு. ஆனால் அவர்களின் தொடக்க வேண்டுதல் வேறு: இந்த அகன்ற நிலம் வெம்பிப் போகாதிருக்க வேண்டும். ஓர் ஊரின் மழைக்காகவும் மண்ணுக்காகவும் பெண்கள் ஆற்றங்கரையில் நிற்கிறார்கள். நோன்பின் முறைமையை அவர்களுக்குக் காட்டித் தருபவர்கள் மூத்த பெண்கள். எந்த நாளில், எந்த விண்மீனில், எந்த வரிசையில் என்பதை அறிந்த பெண்களின் மரபு ஒன்று அங்கே இருந்தது. சான்று தேடும் கண்ணுக்கு இது தெரிவதில்லை. மாதப் பெயர் கிடைத்ததும் கண் மூடிக்கொள்கிறது.

மூன்றாவது ஒரு தரப்பும் உண்டு. தொல்காப்பியம் பெரும்பொழுதுகளைக் காரில் தொடங்குகிறது. அதற்கு உரை எழுதிய நச்சினார்க்கினியர் ஆவணி முதல் ஆடி வரை ஓர் ஆண்டு என்று கணக்குச் சொல்கிறார். ஆவணிதான் பழைய தமிழ் ஆண்டின் தொடக்கம் என்பாருக்கு இது ஆதாரம். சரி, கார் ஏன் முதலில் வருகிறது? கார் முல்லைக்குரிய பெரும்பொழுது. முல்லையின் உரிப்பொருள் இருத்தல்: கார் வந்தால் வருவேன் என்று சொல்லிப் போனவனுக்காக வீட்டில் ஆற்றியிருத்தல். மழை மேகம் கண்டதும் அவன் சொன்ன நாள் வந்துவிட்டதா என்று அவள் கணக்குப் பார்க்கிறாள். தோழி, இது கார் அல்ல, பருவமறியாமல் பெய்யும் மழை என்று வாதாடுகிறாள். பருவத்தைப் பற்றிய இந்த வாதங்கள் சங்க இலக்கியத்தில் இரு பெண்களுக்கு இடையில் நடக்கின்றன. இன்றைய பட்டிமன்றத்தைவிட அவை கூர்மையானவை, ஏனென்றால் வாதாடுபவளுக்கு அதில் உயிர் இருக்கிறது.

சித்திரை, தை, ஆவணி ஆகிய மூன்று தொடக்கங்களையும் தாங்கி நிற்பவை பெண்களின் இடங்கள்: கட்டில், குளத்துறை, முல்லை வீடு. மூன்றிலும் காலத்தை உடலால் உணர்ந்து எண்ணுபவர் பெண். திருக்குறளில் ‘அவர்வயின் விதும்பல்’ அதிகாரத்தின் முதல் குறளில் வரும் பெண்ணுக்கு, அவன் பிரிந்த நாட்களைச் சுவரில் குறித்துத் தொட்டுத் தொட்டு எண்ணி விரல் தேய்ந்துவிட்டது. வழி பார்த்துக் கண்ணும் ஒளி இழந்துவிட்டது. தமிழ் இலக்கியத்தில் எனக்குத் தெரிந்த மிக உண்மையான நாட்காட்டி அந்தச் சுவர்.

4

எண்ணியவள் இப்படி என்றால், பெற்றவள் கதை வேறு. பிரபவ முதல் அட்சய வரை அறுபது ஆண்டுப் பெயர்களுக்கு ஒரு புராணக் கதை சொல்லப்படுகிறது. அபிதான சிந்தாமணியிலும் அது பதிவாகியிருக்கிறது. கண்ணனிடம் ஒரு பெண்ணைக் கேட்கிறார் நாரதர். நான் இல்லாத வீட்டில் இருப்பவளை எடுத்துக்கொள் என்கிறான் கண்ணன். எல்லா வீட்டிலும் கண்ணன் இருக்கிறான். பிறகு நாரதர் நீராடிப் பெண்ணாகி, கண்ணனோடு அறுபது ஆண்டு வாழ்ந்து அறுபது மகன்களைப் பெறுகிறார். அந்த மகன்களே ஆண்டுகள்.

வானியலுக்கு இந்தக் கதை தேவையில்லை. வியாழன் வானை ஒருமுறை சுற்ற ஏறத்தாழ 12 ஆண்டு, சனிக்கு ஏறத்தாழ 30. இரண்டும் பொருந்தி வர 60. கதை பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. ஒட்டிக்கொண்டபோது என்ன செய்தது என்று பாருங்கள். பெண்களைக் கேட்டுப் பெறும் பொருளாக வைத்துத் தொடங்கியது. அறுபது பிரசவத்தில் ஒரு மகள்கூட இல்லாமல் பார்த்துக்கொண்டது. ஆண்டுகளுக்கெல்லாம் பெயர் வைத்தது, பெற்றவளுக்கு அந்தப் பட்டியலில் இடம் வைக்கவில்லை. காலமே ஆண் வாரிசுகளின் வரிசையானது.

சுயமரியாதை இயக்கம் இந்தக் கதையைக் கடுமையாகத் தாக்கியது. அறுபது பெயர்களும் வடமொழி, கதை அறிவுக்கு ஒவ்வாதது என்ற விமர்சனத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்த விமர்சனம் இன்று மேடைகளில் சொல்லப்படும்போது, சிரிப்பு வருகிற இடம் எது? ஆண் பெண்ணானான், பிள்ளை பெற்றான் என்ற இடம். பெண்களைக் கேட்டு வாங்கும் இடத்தில் யாரும் சிரிப்பதில்லை, கோபப்படுவதும் இல்லை. பெண்ணாவது இழிவு என்ற நம்பிக்கையைப் பகுத்தறிவுக் குரலும் புராணத்தோடு பகிர்ந்துகொள்கிறது. அதே சித்திரை மாதத்தில், எங்கள் ஊரிலிருந்து சில மணி நேரப் பயணத்தில், உளுந்தூர்ப்பேட்டை அருகே கூவாகத்தில் திருநங்கையர் கூத்தாண்டவருக்குத் தாலி கட்டிக்கொண்டு மறுநாள் அதை அறுக்கிறார்கள். அங்கே கண்ணன்தான் அரவானுக்காகப் பெண்ணாகிறான். கண்ணன் பெண்ணானால் விழா, நாரதர் பெண்ணானால் நகைச்சுவை. என் வகுப்பில் ஒரு திருநங்கை மாணவி அமர்ந்திருந்தால் இந்தச் சிரிப்பு எப்படிக் கேட்கும் என்பதை இப்போது நான் பேசுமுன் யோசிக்கிறேன்.

பழைய கணக்கைத் தூக்கியெறிந்து புதிதாகத் தொடங்கினால் சரியாகிவிடுமா? உலகம் அதையும் பார்த்திருக்கிறது. பிரெஞ்சுப் புரட்சி 1793 அக்டோபரில் ஒரு புதிய நாட்காட்டியை ஏற்றது. அதன் ஆண்டு இலையுதிர்காலச் சமநாளில், பாரீசு வானாய்வகத்தின் கணக்குப்படி தொடங்கும். மதமும் மன்னரும் இல்லாத, வானத்தை மட்டுமே நம்பிய ஆண்டு. மாதங்களுக்குப் புதிய பெயர் சூட்டப்பட்ட சில நாட்களில், அக்டோபர் 30 அன்று, பெண்களின் அரசியல் மன்றங்கள் தடை செய்யப்பட்டன. நவம்பர் 3-இல், பெண்ணின் உரிமைப் பிரகடனத்தை எழுதிய ஒலேம்ப் தெ கூழ் கில்லட்டினில் கொல்லப்பட்டார். புதிய காலம் பிறந்த அதே மாதத்தில் பெண்கள் அதிலிருந்து வெளியேற்றப்பட்டார்கள். அந்த நாட்காட்டி புதுச்சேரியில் வேரூன்ற வழியில்லை; 1793 ஆகஸ்டிலேயே நகரம் ஆங்கிலேயர் கைக்குப் போய், 1816-இல்தான் திரும்பியது. அதற்குள் நெப்போலியன் அதைக் கைவிட்டிருந்தார். நல்ல எண்ணத்தோடு முதல் நாளை மாற்றுபவர்களும், யாருடைய முதல் நாள் என்பதை மாற்றாமல் விடலாம் என்பதற்காக இதைச் சொல்கிறேன். திருவள்ளுவர் ஆண்டையும் அந்தக் கேள்வியோடுதான் நான் எழுதுகிறேன்.

5

கணக்கு என்று வந்தால் புதுச்சேரிக்கு ஒரு தனிப் பெருமை உண்டு. சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய ஜான் வாரன், 1825-இல் வெளியான தம் ‘கால சங்கலித’ நூலில், புதுச்சேரியில் கண்ட ஒரு பஞ்சாங்கக் கணிதரைப் பற்றி எழுதுகிறார். அந்தக் கணிதர் தரையில் சோழிகளை வைத்து, மனப்பாடமாக இருந்த வாக்கியங்களைக் கொண்டு சந்திர கிரகணத்தைக் கணித்தார். அவருக்கு வானியல் கோட்பாடு எதுவும் தெரியாது, நினைவாற்றல்தான் இருந்தது என்பது வாரனின் மதிப்பீடு. ஆனாலும் கணக்கு நடந்தது. கிரகணத்தின் தொடக்கத்தைச் சொன்னதில் பிழை சில நிமிடங்களே. கணித வரலாற்றாசிரியர் ஆட்டோ நியூகெபவர் 1952-இல் எழுதிய ஆய்வுக் கட்டுரையால் இது உலகின் கவனத்துக்கு வந்தது.

சோழியும் மனப்பாடமும் நம் வீட்டுப் பெண்களிடமும் இருந்தன. பல்லாங்குழியில் சோழியைக் குழி குழியாகப் போட்டு மீதியை முன்கூட்டியே சொல்லும் பாட்டியைப் பலரும் பார்த்திருப்போம். முப்பது வரிசைப் புள்ளிக் கோலத்தை எழுதிவைக்காமல் நினைவிலிருந்து போடும் கைகள் இன்றும் இருக்கின்றன. ஆணின் கையில் சோழி நுட்பமானது, பெண்ணின் கையில் பொழுதுபோக்கானது. ஆணின் மனப்பாடம் சாத்திரம், பெண்ணின் மனப்பாடம் வழக்கம். பெண்கள் கிரகணத்தைக் கணித்தார்கள் என்று நான் கற்பனைப் பெருமை பேசவில்லை. கணிக்கும் திறமைக்கும் கணிதர் என்ற பெயருக்கும் நடுவில் ஒரு கதவு இருந்தது, அது பூட்டியிருந்தது என்கிறேன். சித்திரை முதல் நாள் கோயிலில் பஞ்சாங்கம் படிப்பதைக் கேட்கப் போனால் அந்தக் கதவு இன்றும் தெரியும். மழை எத்தனை மரக்கால், எந்த ராசிக்கு ஆதாயம், எதற்கு விரயம் என்று ஓர் ஆண்குரல் படிக்கும். வீட்டின் வரவுசெலவை நாள்தோறும் நடத்துபவர்கள் எதிரே உட்கார்ந்து கேட்பார்கள்.

அவர்களுடைய பஞ்சாங்கம் சமையலறைச் சுவரில் தொங்கும் மாதக் காலண்டர். ராகுகாலத்துக்கும் சூலத்துக்கும் பக்கத்தில் பேனாவால் எழுதிய இன்னொரு கணக்கு அதில் ஓடுகிறது. பால் போடாத நாள். சிலிண்டர் மாற்றிய நாள். குழுக் கடன் கட்ட வேண்டிய நாள். பெயரில்லாமல் ஒரு சிறு புள்ளி, மாதந்தோறும், வீட்டில் வேறு யாருக்கும் புரியாதபடி. அந்தப் புள்ளி தள்ளிப்போனால் ஒரு பெண்ணின் வாழ்க்கையே திசை மாறலாம். டிசம்பர் 31-இல் அந்தத் தாள்கள் கிழிந்து பழைய பேப்பருக்குப் போகின்றன. சுவரில் குறித்த தலைவியின் கோடுகள் குறளுக்குள் வந்ததால் தப்பின. இந்தப் புள்ளிகளுக்குப் புலவர் யாரும் இல்லை. இவற்றை ஆவணமாக வாசிக்கும் வேலையை மாணவிகள் எடுத்துச் செய்யலாம். ஒரு பெண்ணின் பத்து ஆண்டுக் காலண்டர்கள் கிடைத்தால், அது முனைவர் பட்டத்துக்குப் போதுமான பிரதி.

என் மாணவிகளுக்கு நான் கொடுக்கும் பயிற்சி எளிமையானது. எந்த விவாதத்திலாவது ஒரு சங்க வரி சான்றாகக் காட்டப்பட்டால், அதற்கு முன்னுள்ள பத்து அடியையும் பின்னுள்ள பத்து அடியையும் எழுதிக்கொண்டு வர வேண்டும். அந்த இருபது அடியில் பேசுவது யார், பார்ப்பது யார், வேலை செய்வது யார், காத்திருப்பது யார் என்று பட்டியலிட வேண்டும். புத்தாண்டுச் சான்றுகளை இப்படிக் கொடுத்தபோது ஒரு மாணவி நெடுநல்வாடைப் பட்டியலின் கடைசியில் இப்படி எழுதியிருந்தாள்: “விதானத்தில் மேடம் இருப்பது நமக்குத் தெரியக் காரணம், அவளுக்குத் தூக்கம் வராததுதான்.”

ஏப்ரல் 21-ஐ ஒட்டி ஒரு நண்பகலில் புதுச்சேரியில் சூரியன் நேர் உச்சியில் நிற்கும். நட்டுவைத்த குச்சிக்கு நிழல் இருக்காது. ராசிக் கணக்குத் தெரியாதவர்களும் அதைக் கண்ணால் பார்க்கலாம். அதைப் புத்தாண்டாக அறிவிக்கச் சொல்லி நான் மனு எழுதப் போவதில்லை. ஆனால் மாணவிகளோடு கல்லூரி மைதானத்தில் குச்சி நட்டுப் பார்க்கப் போகிறேன். பஞ்சாங்கத்தை மற்றவர்கள் படிக்கக் கேட்டது போதும். வானத்தை நாமே அண்ணாந்து பார்த்து, பார்த்ததை நம் பெயரில் எழுதிவைப்போம். அந்த அரசி அண்ணாந்து பார்த்தாள்; அவள் பெயரை மட்டும் யாரும் எழுதவில்லை.